கிழக்கு ஹொக்கைடோவில் நாத்தனாரும் நானும்

நாள் 1: குஷிரோ

மூன்று பேராக வந்திருக்க வேண்டியது, இரண்டு பேராக வந்து சேர்ந்திருக்கிறோம். நாத்தனார் மகன் ஜப்பானின் வடகோடித் தீவான ஹொக்கைடோவில், சப்போரோ நகரத்தில் வேலை பார்க்கிறான். "அத்தை, நீங்களும் அம்மாவும் பிப்ரவரியில வாங்க, லீவு போட்டு ஊர் சுத்திக் காட்டுறேன்" என்று அவன்தான் கூப்பிட்டான். வந்திறங்கிய வாரமே ஆபீசில் அவசர வேலை. கையில் டிக்கெட்டைத் திணித்து, ரயிலில் ஏற்றிவிட்டு, ஜன்னலுக்கு வெளியே நின்று ஜப்பான்காரன் மாதிரி குனிந்து கும்பிட்டான். அவன் அம்மாவுக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை.

'ஓசோரா' எக்ஸ்பிரஸில் குஷிரோவுக்கு நாலு மணி நேரப் பயணம். கடைசி ஒரு மணி நேரம் இடப்பக்கம் பனி, வலப்பக்கம் பசிபிக் கடல். நாங்கள் இடப்பக்கம் உட்கார்ந்திருந்தோம்.

குஷிரோ ஒரு துறைமுக ஊர். சாயங்காலம் நாலரைக்கெல்லாம் இருட்டத் தொடங்குகிறது. கடைகளை விடச் சாத்திய கதவுகள் அதிகம். மீன்பிடிப்பும் நிலக்கரியும் செழித்த காலத்தில் கட்டிய அகலத் தெருக்களில் இப்போது காற்றுதான் நடமாடுகிறது. எனக்கு என்னவோ இந்த மாதிரி ஊர்கள்தான் பிடிக்கும். நாத்தனார், "அண்ணி, இதைப் பாக்கவா இவ்வளவு தூரம் வந்தோம்?" என்றாள்.

ரயிலடிக்குப் பக்கத்தில் வாஷோ சந்தை. 1954-இலிருந்து நடக்கிறது. இங்கே 'கத்தே-தோன்' என்று ஒன்று உண்டு. முதலில் ஒரு கிண்ணம் வெறும் சோறு வாங்கிக்கொள்ள வேண்டும். அதைக் கையில் ஏந்திக்கொண்டு மீன்கடை மீன்கடையாகப் போய், இந்தத் துண்டில் ஒன்று, அந்த மீன் முட்டையில் ஒரு கரண்டி என்று சோற்றின் மேல் வைத்து வாங்கிக்கொண்டே வர வேண்டும். நான் சால்மனும் இறாலும் வைத்துக்கொண்டேன். எங்கள் வீட்டில் மீன் குழம்பு வைப்பதில் நாத்தனாரை மிஞ்ச ஆளில்லை. ஆனால், "பச்சையா எப்படி அண்ணி திங்கறது, பூனையா நானு?" என்று கேட்டுவிட்டு, கைப்பையிலிருந்து பருப்புப் பொடி டப்பாவை எடுத்து அந்தச் சோற்றில் கொட்டிப் பிசைந்து சாப்பிட்டாள். எதிர்க்கடை நண்டு வியாபாரி, தராசை விட்டுவிட்டு அந்தப் பொடியையே பார்த்துக்கொண்டிருந்தார். கொஞ்சம் கொடுத்தோம். காரம் தாங்காமல் சிரித்தார்.

காலையில் எட்டு மணிக்கு பஸ். வழிகாட்டியோடு போகும் ஒருநாள் சுற்றுலா. கார் எடுத்துப் போகலாம் என்று சொல்பவர்கள் இங்கே சாலையில் உறைந்து கிடக்கும் கண்ணாடிப் பனியைப் பார்க்க வேண்டும். ரயிலடி வாசலிலேயே இன்று இரண்டு தடவை வழுக்கினேன்.

நாள் 2: கொக்கு, ஏரி, கந்தகம், அன்னம், சுடுதண்ணீர்

காலை ஆறு மணிக்கு வெளியே மைனஸ் 14. ஹோட்டலில் காலைச் சாப்பாடு ஆறரைக்கு என்று எழுதி வைத்திருந்தார்கள், ஏழேகாலுக்குத்தான் கதவு திறந்தது. ஜப்பானிலுமா என்று ஆறுதலாக இருந்தது.

பஸ்ஸில் முப்பது பேருக்கு மேல். நாங்கள் இரண்டு பேர்தான் வெளிநாடு. வழிகாட்டிக்கு இருபத்தைந்து வயது இருக்கலாம். தொப்பி, வெள்ளைக் கையுறை, தேன் குரல். மூச்சு விடாமல் ஜப்பானிய மொழியில் பேசினாள். மகன் போனில் மொழிபெயர்ப்புச் செயலி போட்டுக் கொடுத்திருந்தான். அது அந்தப் பெண் பேசுவதைக் கேட்டுத் தமிழில் எழுதிக் காட்டும். முதல் வரி: "இன்று உங்கள் வயிறு மகிழ்ச்சியுடன் ஏறியதற்கு நன்றி."

முதல் நிறுத்தம் சுருயி கிராமம். 'கொக்கு இருக்கும் இடம்' என்பதுதான் ஊர்ப்பெயரின் பொருளே. அங்கே உள்ள சரணாலயத்தின் பெயர் சுருயி-இதோ தஞ்சோ சரணாலயம். "இதோவாம்" என்றேன். "எங்கே?" என்றாள் நாத்தனார், கழுத்தை நீட்டி. இதோ என்பது அந்த நிலத்துக்குச் சொந்தக்காரரான விவசாயியின் பெயர். தன் வயலுக்கு வந்த கொக்குகளுக்குப் பல வருஷம் தீனி போட்டவர். 1987-இல் ஜப்பான் காட்டுப் பறவைகள் சங்கம் அதைச் சரணாலயமாக்கியது.

இனி கொக்கு. நம் வயல் கொக்கை மனதில் வைத்துக்கொண்டு போனால் திடுக்கிடுவீர்கள். தஞ்சோ என்கிற இந்தக் கொக்கு கிட்டத்தட்ட நாத்தனார் உயரம். வெள்ளை உடம்பு, கறுப்புக் கழுத்து, உச்சந்தலையில் ஒரு சிவப்பு வட்டம். அது இறகில்லை, வெறும் தோல். வேலிக்கு அப்பால் பனி வயலில் ஐம்பது அறுபது நின்றன. வாயைத் திறந்து கூவும்போது மூச்சு புகையாக வருகிறது. ஆண் ஒருமுறை கூப்பிட, பெண் உடனே இரண்டுமுறை பதில் சொல்கிறது. இரண்டும் சேர்ந்து ஒரே குரல் போலக் கேட்கும். "ஒண்ணு சொன்னா ரெண்டு சொல்றா. நம்ம வீடு மாதிரிதான்" என்றாள்.

பிறகு ஆடத் தொடங்கின. ஒன்று தலையைத் தாழ்த்தி, இறக்கையை விரித்து, தரையிலிருந்து எகிறியது. எதிரில் இருந்தது அதே மாதிரி எகிறியது. ஒரு சுள்ளியை அலகால் தூக்கிப் போட்டுப் பிடித்தது. பக்கத்து ஜோடிக்கும் அது தொற்றிக்கொண்டது. ஒட்டகச்சிவிங்கி கழுத்து நீளக் கேமராக்களை வைத்திருந்தவர்கள் கூட ஒரு நிமிஷம் கேமராவை விட்டுக் கண்ணால் பார்த்தார்கள்.

இந்தப் பறவை ஜப்பானில் அழிந்தே போய்விட்டது என்று ஒரு காலத்தில் எழுதிவிட்டார்கள். மெய்ஜி பேரரசர் காலத்தில் (1868–1912) வேட்டையாடியே தீர்த்தார்கள், சதுப்பை வயலாக்கினார்கள். 1924-இல் குஷிரோ சதுப்பு நிலத்தின் உள்ளே பத்துப் பன்னிரண்டு மட்டும் ஒளிந்திருந்ததைக் கண்டுபிடித்தார்கள். 1950-இல் கடுங்குளிரில் பட்டினியாக வயலுக்கு வந்த கொக்குகளுக்கு அகான் பகுதி விவசாயி ஒருவர் மக்காச்சோளம் போட, அவை வந்து தின்றன. சுருயிப் பள்ளிக்கூடப் பிள்ளைகளும் போட்டார்கள். 1952 கணக்கெடுப்பில் 33. இன்று 1,500-க்கும் மேல். 1984-இல் வெளிவந்த ஆயிரம் யென் நோட்டின் பின்பக்கம் இந்தக் கொக்குதான்.

இப்போது அரசாங்கம் கொஞ்சம் கொஞ்சமாகத் தீனியைக் குறைக்கிறது என்று வழிகாட்டி சொன்னாள். கொக்குகள் எல்லாம் ஒரே இடத்தில் கூடினால் ஒரு நோய் வந்தாலே மொத்தமும் போய்விடும், மனிதரைக் கண்டு பயமும் விட்டுப் போகிறது, பண்ணைகளில் புகுந்து தின்கின்றன. நியாயம்தான். ஆனாலும் வெறும் பனியில் அலகால் கிளறிக்கொண்டிருந்த ஒன்றைப் பார்த்துவிட்டு, "வயிறு நிறையச் சோறு போட்டுப் பழக்கிட்டு, இனி நீயே பொங்கித் தின்னுன்னா எப்படி?" என்றாள் நாத்தனார். சப்போரோவில் தனியாகச் சமைத்துச் சாப்பிடுபவனை நினைத்துச் சொன்னாளோ என்னவோ.

இந்தக் கொக்குகள் ராத்திரி தூங்குவது ஆற்றுக்குள் நின்றபடி. ஊற்றுநீர் கலப்பதால் செத்சுரி ஆறு குளிர்காலத்திலும் உறைவதில்லை. மைனஸ் இருபதில் தரையை விட ஆறு வெதுவெதுப்பு, நரியும் வராது. இன்று நாள் முழுக்க இதேதான் திரும்பத் திரும்ப வந்தது: இங்கே உயிர் எல்லாம் தண்ணீர் உறையாத இடத்தைத் தேடித்தான் கூடுகிறது.

அடுத்தது மாஷு ஏரி. பஸ் மலை ஏற ஏற, செயலி வழியாக ஒரு எச்சரிக்கை வந்தது. "திருமணமாகாதவர்கள் ஏரியைப் பார்க்க வேண்டாம். பார்த்தால் திருமணம் தாமதமாகும்." மொழிபெயர்ப்புக் கோளாறு என்று நினைத்தேன். இல்லை, உண்மையிலேயே அப்படி ஒரு சொல் இங்கே உண்டு. கோடையில் மாஷு பெரும்பாலும் மூடுபனியில் மறைந்திருக்கும். அதனால் பனி விலகி ஏரி முழுசாகத் தெரிந்தால் பார்த்தவர்களுக்குக் கல்யாணம் தள்ளிப் போகும் என்று ஐதீகம். நாத்தனார் முகம் மாறியது. மகனுக்கு முப்பத்திரண்டு ஆகிறது.

பார்வை மாடத்தில் நின்றபோது மூடுபனியின் சுவடே இல்லை. செங்குத்தான கிண்ணம், அடியில் நீலம். இங்க் பாட்டிலின் நீலம் என்று எழுதினால் குறைச்சல். ஏழாயிரம் வருஷத்துக்கு முன் ஒரு பெரிய எரிமலை வெடித்து உள்வாங்கியதில் உண்டான பள்ளம். ஆழம் 211 மீட்டர். ஓர் ஆறு கூட உள்ளே வருவதில்லை, ஒன்றும் வெளியே போவதில்லை. மழையும் பனியும்தான் வரவு. அதனால் கலங்கல் இல்லை. 1931-இல் ஒரு வெள்ளைத் தட்டை இறக்கிப் பார்த்தபோது 41.6 மீட்டர் ஆழம் வரை கண்ணுக்குத் தெரிந்ததாம். அன்றைக்கு அது உலக சாதனை. கரைக்கு இறங்க யாருக்கும் அனுமதி கிடையாது. மேலே நின்று பார்த்துவிட்டுப் போக வேண்டியதுதான். அதுவே நல்லது என்று தோன்றியது. இறங்கவிட்டிருந்தால் இந்நேரம் அங்கே பெடல் படகு ஓடிக்கொண்டிருக்கும்.

ஏரி நடுவில் ஒரு சின்னத் தீவு, கமுய்ஷு. ஹொக்கைடோவின் பழங்குடிகளான ஐனு மக்கள் சொல்லும் கதை ஒன்று: ஒரு கிழவி, சண்டையில் பேரனைத் தொலைத்துவிட்டு, தேடித் தேடி இந்தக் கரைக்கு வந்து, காத்திருந்து காத்திருந்து தீவாகிவிட்டாள். யாராவது ஏரிப்பக்கம் வந்தால் பேரன்தான் வந்துவிட்டான் என்று அழுவாளாம். அந்தக் கண்ணீர்தான் மூடுபனி, மழை, பனி எல்லாம்.

நாத்தனார் தீவையே பார்த்துக்கொண்டு நின்றாள். இருபது நிமிஷம்தான் கொடுத்திருந்தார்கள். வழிகாட்டி கொடியை ஆட்டினாள். "அவளுக்காவது பேரன் பொறந்து தொலைஞ்சான்" என்று சொல்லிவிட்டு பஸ்ஸில் ஏறினாள்.

இயோசான் வந்தது மூக்குக்கு முதலில், கண்ணுக்கு அப்புறம்தான். கந்தகமலை என்று அர்த்தம். ஐனு மொழியில் அதோசா-நுபுரி, மொட்டை மலை. வாகனம் நிறுத்தும் இடத்திலிருந்து நடந்தாலே மஞ்சள் பூத்த ஓட்டைகளிலிருந்து ஆவி சீறுவதைப் பக்கத்தில் பார்க்கலாம். சுற்றிலும் பனி, நடுவில் பாறை மட்டும் ஈரமாய் வெந்துகொண்டிருக்கிறது. ஆவியில் வெந்த முட்டை விற்கிறார்கள். நாத்தனாருக்கு மூன்று நாளில் முதல் முறையாக வாய்க்குப் பிடித்த சாப்பாடு. மிளகு மட்டும் இல்லை.

அந்த மலைக்கு இன்னொரு கதையும் இருக்கிறது, முட்டைக் கடையில் அதைச் சொல்ல மாட்டார்கள். 1880-களில் இங்கே கந்தகம் தோண்டினார்கள், தீப்பெட்டிக்கும் வெடிமருந்துக்கும். தோண்டியவர்கள் சிபேச்சா சிறையின் கைதிகள். புகையில் பார்வை போனவர்களும் உயிரே போனவர்களும் நிறைய. 1887-இல் கந்தகம் ஏற்றவே தனி ரயில் பாதை போட்டார்கள். வழிகாட்டி இதைச் சொன்னபோது மட்டும் தேன் குரல் இறங்கியது. மற்றபடி அந்தப் பெண் சிரித்துக்கொண்டேதான் இருந்தாள், அதனால் இது எனக்கு நினைவில் நிற்கும்.

குஷாரோ ஏரியில் எங்களுக்குக் கிடைத்தது பதினைந்தே நிமிஷம். இதுதான் என் மனக்குறை. ஜப்பானின் மிகப் பெரிய எரிமலைப்பள்ள ஏரி, 79 சதுர கிலோமீட்டர், அதற்குப் பதினைந்து நிமிஷம். கடைத்தெருவுள்ள இடத்தில் மட்டும் தாராளமாக நேரம் விடுவது எல்லா நாட்டு சுற்றுலா பஸ்ஸுக்கும் பொதுக் குணம் போலிருக்கிறது. ஏரி முழுக்க வெள்ளைத் தரையாக உறைந்து கிடக்கிறது. ஆனால் சுனாயு என்ற இந்தக் கரையில் மட்டும் மணலுக்கு அடியில் வெந்நீர். கையால் ஒரு சாண் தோண்டினால் குழியில் சூடாக ஊறுகிறது. அதனால் கரையோரம் ஒரு கீற்றுத் தண்ணீர் உறையாமல் இருக்கிறது. அந்தக் கீற்றில், சைபீரியாவிலிருந்து வந்த அன்னங்கள்.

நம் ஊர்க் கோயில் தூணிலும் பட்டுப்புடவைக் கரையிலும் மட்டும் அன்னத்தைப் பார்த்த எனக்கு, மூன்று அடி தூரத்தில் மஞ்சள் மூக்கோடு நிற்கும் நிஜ அன்னம், அதுவும் காலை வெந்நீரில் வைத்துக்கொண்டு அரைத்தூக்கத்தில். பாலையும் தண்ணீரையும் பிரிக்குமோ என்னவோ, சூட்டையும் குளிரையும் பிரிக்கத் தெரிந்திருக்கிறது. நாத்தனார் கையுறையைக் கழற்றிக் குழியில் கையை விட்டாள். "வெந்நி, அண்ணி! வெளாவ வேண்டியதே இல்லை!" தீனி போடாதீர்கள், பறவைக் காய்ச்சல் வரும் என்று பலகை. வழிகாட்டியின் கொடி. அவ்வளவுதான்.

கடைசி நிறுத்தம் அகான் ஏரி, இரண்டு மணி நேரம். மரிமோ என்கிற பச்சைப் பாசி உருண்டைகளுக்குப் பெயர் போன ஏரி. நூலிழைப் பாசி அலையில் புரண்டு புரண்டு பந்தாகிறது, பெரியது முப்பது சென்டிமீட்டர் வரை வரும். 1921-இலிருந்து சட்டப் பாதுகாப்பு. கடைகளில் கண்ணாடிக் குப்பியில் விற்கும் குட்டி மரிமோக்கள் வேறு ஏரிப் பாசியைக் கையால் உருட்டியவை, லட்டு பிடிப்பது போல. ஏரி உறைந்திருந்ததால் நிஜ மரிமோவைத் தகவல் மையத்தின் தொட்டியில்தான் பார்த்தோம். அதோடு அதை விட்டுவிடுகிறேன், ஏனென்றால் அகானில் நடந்தது வேறு.

ஒரு விடுதியில் பகல் குளியலுக்கு மட்டும் டிக்கெட் உண்டு. பெண்களுக்குத் தனி. உடுப்பு எதுவும் கூடாது, ஒரு கைத்துண்டு மட்டும். இதை இரண்டு நாளாக நாத்தனாரிடம் பக்குவமாகச் சொல்லி வந்திருந்தேன். "முப்பது வருஷமா பாத்த மூஞ்சிதானே, அண்ணி" என்று ஒருவழியாகச் சம்மதித்திருந்தாள். ஆனால் சிக்கல் வரவேற்பு மேஜையில் வந்தது. பணத்தைக் கொடுக்க அவள் கை நீட்டியபோது, மேஜைப் பெண் முன்கையைப் பார்த்துவிட்டுத் தயங்கினாள்.

பச்சை. பத்து வயதில் ஊர்த் திருவிழாவில் குறத்தியிடம் குத்திக்கொண்டது. மூன்று புள்ளி, ஒரு சின்னக் கோலம், கீழே அப்பத்தா பெயரின் முதல் எழுத்து. அகத்திக்கீரைச் சாறும் கரியும் என்பாள். ஜப்பானில் பச்சை குத்தினால் ரவுடிக் கும்பல் என்று பழைய நினைப்பு, அதனால் பல குளியல் இடங்களில் விடமாட்டார்கள். அந்தப் பெண் நாலு தடவை குனிந்து மன்னிப்புக் கேட்டு, தோல் நிறத்தில் ஒரு ஒட்டு எடுத்துக் கொடுத்தாள். நாத்தனாருக்குப் புரியவில்லை. "புண்ணுன்னு நினைச்சுட்டாளா?" நான்தான் சொன்னேன். ஒன்றும் பேசாமல் ஒட்டிக்கொண்டாள்.

குளியல் அருமை. முக்காலியில் உட்கார்ந்து நன்றாகத் தேய்த்துக் கழுவிக்கொண்டுதான் தொட்டியில் இறங்க வேண்டும். கண்ணாடிக்கு வெளியே உறைந்த ஏரியும் ஓஅகான் மலையும். கழுத்துவரை வெந்நீரில் கிடந்தோம். வெட்கம் இரண்டு நிமிஷம்தான் இருந்தது. யாரும் யாரையும் பார்ப்பதில்லை.

வெளியே வந்ததும் ஐனு கோதான், அதாவது ஐனு மக்களின் குடியிருப்பு. முப்பத்தைந்து வீடு போலிருக்கும் கடைவீதி, வாசல் வளைவில் பெரிய மர ஆந்தை. மீன் ஆந்தை இவர்களுக்கு ஊர்க்காவல் தெய்வம். மரம் செதுக்கும் ஒரு கடையில் பழைய புகைப்படம் மாட்டியிருந்தது. ஒரு ஐனுப் பாட்டி. வாயைச் சுற்றிக் கருநீலப் பச்சை, இரண்டு முன்கையிலும் வலை பின்னியது போல் கோடுகள். ஐனுப் பெண் குழந்தைகளுக்குச் சிறுவயதிலிருந்தே கத்திமுனையால் கீறி, பூர்ச்சப் பட்டைக் கரியைத் தேய்த்துக் குத்துவார்கள். அது முடிந்தால்தான் கல்யாணம். 1871-இல் ஜப்பான் அரசு அதைத் தடை செய்தது. ஐனு மக்கள்தான் இந்த மண்ணின் ஆதிக்குடிகள் என்று சட்டத்தில் எழுத 2019 வரை ஆயிற்று.

நாத்தனார் படத்தைப் பார்த்தாள். அப்புறம் மெதுவாகக் கையுறையைக் கழற்றி, சட்டைக் கையை மடித்து, அந்த ஒட்டைப் பிய்த்தாள். கடைக்கார அம்மாளிடம் கையை நீட்டினாள். போனை எடுத்தேன், குளிரில் பேட்டரி செத்திருந்தது. அந்த அம்மாள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, நாத்தனாரின் கையைத் தன் கைக்குள் வாங்கி, விரலால் அந்தக் கோலத்தை ஒருமுறை வரைந்து பார்த்தாள். ஏதோ கேட்டாள். நாத்தனார் தமிழில், "பத்து வயசுல. அழுதேன். அப்பத்தா கருப்பட்டி குடுத்துச்சு" என்றாள். இரண்டு பேரும் தலையாட்டினார்கள்.

பஸ்ஸுக்கு ஓடினோம். எல்லாரும் ஏறி உட்கார்ந்திருந்தார்கள். இரண்டு நிமிஷம் தாமதம். நாங்களும் குனிந்து மன்னிப்புக் கேட்டோம்.

நாள் 3: சிபேச்சா

இன்று வழிகாட்டி இல்லை, கொடி இல்லை. குளிர்காலத்தில் மட்டும் ஓடும், நிலக்கரி எரிக்கும் நீராவி ரயில், குஷிரோவிலிருந்து சிபேச்சா வரை. இழுப்பது 1940-இல் செய்த எஞ்சின். பாதை சதுப்பு நிலத்தின் ஓரமாகவே போகிறது. ஜப்பானின் மிகப் பெரிய சதுப்பு, 1980-இல் ராம்சார் என்ற சர்வதேச ஈரநிலப் பட்டியலில் இடம்பெற்ற முதல் ஜப்பானிய இடம். வெள்ளையில் நாணல் மட்டும் பழுப்பாய் நிற்கிறது. மான்கள் ரயிலைப் பார்த்து ஓடுவதில்லை, எருமை மாதிரி யோசிக்கின்றன. கயானுமா ஸ்டேஷனில் பிளாட்பாரத்துக்குப் பக்கத்திலேயே இரண்டு தஞ்சோ. இன்றைக்கு ஆடவில்லை, தின்றுகொண்டிருந்தன.

சிபேச்சாவில் இறங்கியபோது கந்தகக் கைதிகள் நினைவுக்கு வந்தார்கள். அவர்கள் சிறை இருந்த ஊர் இதுதான். இப்போது அமைதியான சின்ன ஊர், சூடான காபி கிடைத்தது.

பெட்டி நடுவில் குண்டு வயிற்று இரும்பு அடுப்பு ஒன்று எரிகிறது. நிலக்கரிதான். காய்ந்த கணவாய் வாங்கி அதன் மேல் போட்டுச் சுட்டுத் தின்னலாம். திரும்பி வரும்போது அந்த வாசம் கிளம்பியதும் நாத்தனார் எழுந்து போய்விட்டாள். "கருவாடு, அண்ணி! கருவாடு!" இடுக்கியைக் கையில் வாங்கியவள், பெட்டியில் இருந்த எல்லாருக்கும் சுட்டுக் கொடுக்கும் பொறுப்பையும் எடுத்துக்கொண்டாள். சட்டைக் கை முழங்கை வரை மடிந்திருந்தது.

அப்போது மகன் கூப்பிட்டான். ஒரு கையில் போன், மறுகையில் இடுக்கி.

"ஏன்டா, அந்த மாஷு ஏரிக்கு நீ போயிருக்கியா?"

"நாலு தடவைம்மா. நாலு தடவையும் சூப்பராத் தெரிஞ்சுது."

அவள் என்னைப் பார்த்தாள். "நடுவுல ஒரு தீவு இருக்கே, பாத்தியா?"

"தீவா? கவனிக்கலையேம்மா."

போனை என்னிடம் நீட்டிவிட்டுக் கணவாயைத் திருப்பிப் போட்டாள். ஒரு பக்கம் கருகியிருந்தது.